'வளிமதில்' மாதிரிப் பெட்டி: ஊரைச் சரியாகக் கட்டியவர்கள் காற்றை மறந்த கதை

ஓசூர்ப் பக்கம் ஒரு சிறு பட்டறையில் லேசரில் வெட்டி, கூரியரில் அனுப்பும் பெட்டி இது. உள்ளே இருப்பது உலகில் எங்கும் இல்லாத ஒரு நகரம். பெயர் வளிமதில். மலையிடுக்கின் வாயில் உட்கார்ந்து, ஆண்டில் எட்டு மாதம் மேற்கிலிருந்து அடிக்கும் காற்றைத் தாங்கி வாழும் ஊர். விலை 1,950 ரூபாய், கூரியர் செலவு தனி. ஒட்டி அலமாரியில் வைத்து அழகு பார்க்கும் ரகம் அல்ல. கட்டி முடித்ததும் டேபிள் ஃபேனை ஓடவிட்டு, எந்தத் தெருவில் காற்று சீறுகிறது, எந்த முற்றத்தில் அடங்குகிறது என்று பார்ப்பதற்காகவே செய்தது. கிருஷ்ணகிரி, தருமபுரிப் பக்கம் கட்டடக்கலை மாணவர்களும் பலகை விளையாட்டு ஆடுகிறவர்களும் வாங்கினால் பணம் வீண்போகாது. ஆனால் பெட்டியோடு வரும் கையேட்டை அப்படியே நம்பினால் பாதிப் பலன்தான் கிடைக்கும்.

பெட்டியில் 214 துண்டுகள், 48 பக்கக் கையேடு, ஒரு பெரிய வரைபடம். நகரத்தைப் பற்றிக் கையேட்டில் 30 பக்கம் இருக்கிறது. ஃபேனைப் பற்றி நாலே வரி. சிக்கல் எல்லாம் அங்கிருந்துதான் தொடங்குகிறது.

முதலில் நகரத்தைப் பற்றி. அதை யோசித்தவர்கள் காற்றை நன்றாகப் படித்திருக்கிறார்கள். பாலக்காட்டுக் கணவாய் வழியே வரும் காற்று உடுமலைப் பக்கம் காற்றாலைகளைச் சுழற்றுவதும், ஆரல்வாய்மொழிக் கணவாய்க்குக் கிழக்கே முப்பந்தலில் காற்றாலைகள் குவிந்திருப்பதும் ஒரே காரணத்தால்தான். மலை நடுவே இடைவெளி கிடைத்தால் காற்று அதில் நெருக்கிக்கொண்டு வேகமெடுக்கும். வளிமதிலை அப்படி ஒரு வாயில்தான் வைத்திருக்கிறார்கள். ஊர்ச் சட்டங்களும் அதையொட்டியே பிறந்தவை. உயரத்தில் வீசும் காற்றைப் பிடித்து வீட்டுக்குள் இறக்குவது காற்றுக் கோபுரம்; பக்கத்து வீட்டுக் கோபுரத்துக்கு மேற்கே அதைவிட உயரமாக எவரும் கட்டக்கூடாது. சூளைக்காரர்களும் தோல் பதனிடுகிறவர்களும் கிழக்கு ஓரத்தில்தான் குடியிருக்க வேண்டும். காற்றின் கடுமையைக் காட்ட ஊரில் ஏழு கொடிகள்; ஐந்தாம் கொடி ஏறினால் அடுப்பு மூட்டக்கூடாது. அன்றைக்கு எல்லா வீட்டிலும் முந்தின நாள் களிதான். தெருவிளக்கு மாடங்கள் எல்லாம் கிழக்குச் சுவரிலேயே இருக்கும். இப்படி ஒரு காரணத்தைப் பிடித்துக்கொண்டு ஊர் முழுக்கப் போவது கற்பனை நகரங்களில் அபூர்வம். பெரும்பாலானவற்றில் பறக்கும் கப்பல் நாலு இருக்கும், துணி மட்டும் அசையாது.

இனி ஃபேன். நகரத்திலிருந்து ஒரு மீட்டர் தள்ளி வைத்து மூன்றாம் வேகத்தில் ஊதச் சொல்கிறது கையேடு. அப்படிச் செய்தால் வருவது காற்று இல்லை, திருகு. இறக்கை சுழலும்போது காற்றும் கூடவே சுழன்று வருகிறது. ஒரு பக்கத்தில் மேல்நோக்கியும் மறுபக்கத்தில் கீழ்நோக்கியும் அடிக்கும், நடுவில் மோட்டாருக்கு நேரே சோம்பிக் கிடக்கும். குச்சிகளில் நூல் கட்டி நகரத்துக்கு முன்னால் வரிசையாக நட்டுப் பார்த்தால் கண்ணுக்கே தெரியும். இந்தக் காற்றில் வடக்குத் தெருவுக்கும் தெற்குத் தெருவுக்கும் இருக்கும் வேறுபாடு ஊரின் அமைப்பால் வந்ததா, ஃபேனால் வந்ததா என்று யாராலும் பிரித்துச் சொல்ல முடியாது. 'காற்றாலை சுற்றவில்லை', 'கோபுரத்தில் காற்று இறங்கவில்லை' என்று வாங்கியவர்கள் குறைபடுவதில் பெரும்பகுதி இதனால்தான்.

செய்ய வேண்டியது, ஃபேனைத் திருப்பி வைப்பது. ஊதுவதைவிட உறிஞ்சும்போது காற்று ஒழுங்காக வரும். ஆய்வுக்கூடங்களில் உள்ள காற்றுச் சுரங்கங்கள் பலவும் அப்படித்தான் இயங்குகின்றன. ஃபிரிட்ஜ் வந்த அட்டைப்பெட்டி ஒன்று கிடைத்தால் போதும். உள்ளகலம் 42 செ.மீ., உயரம் 30 செ.மீ., நீளம் 150 செ.மீ. கொண்ட குழாய் ஒன்றைச் செய்துகொள்ளவும். நகரத்தின் வட்டத் தட்டு 38 செ.மீ. விட்டம் என்பதால் இருபுறமும் 2 செ.மீ. இடம் கிடைக்கும். கிழக்கு முனையில் ஃபேனின் முதுகு குழாயைப் பார்க்க வேண்டும், முகம் வெளியே பார்க்க வேண்டும். சுற்றிலும் இருக்கும் இடைவெளியைப் பழைய துணியால் அடைக்கவும். ஆனால் மோட்டார் மூடியில் இருக்கும் காற்றுத் துளைகளை மட்டும் அடைக்கக்கூடாது, சூடேறிக் கருகிவிடும்.

குழாய்க்குள், ஃபேனின் முதுகிலிருந்து 20 செ.மீ. தள்ளி ஒரு கட்டச் சட்டம் வேண்டும். சுழல் பின்னோக்கி நகரம்வரை ஏறாமல் தடுப்பது அதுதான். ஸ்ட்ராக்களை அடுக்கிச் செய்வதுதான் பழைய வழக்கம். பிளாஸ்டிக் ஸ்ட்ரா 2019 ஜனவரி 1 முதல் தமிழ்நாட்டில் தடை. காகித ஸ்ட்ராவில் செய்தால் இந்த அளவுக்கு ஆயிரக்கணக்கில் தேவைப்படும். அதைவிட ஃபைல் அட்டை மலிவு. 16 செ.மீ. அகலத்தில் நீண்ட பட்டைகளாக வெட்டவும்: 30 செ.மீ. நீளத்தில் 20, 42 செ.மீ. நீளத்தில் 14. ஒவ்வொன்றிலும் 2 செ.மீ. இடைவெளி விட்டு 8 செ.மீ. ஆழத்துக்குக் கீறி, ஒன்றுக்குள் ஒன்று செருகினால் 315 கட்டங்கள் கிடைக்கும். கட்டத்தின் அகலத்தைப் போல எட்டு மடங்கு ஆழம் இருப்பதால் திருகல் அங்கேயே அடங்கிவிடும். மடிப்பு உள்ள பெட்டி அட்டையில் இதைச் செய்யாதீர்கள். அதன் தடிமனே வழியில் கணிசமான பங்கை அடைத்துவிடும்.

மேற்கு வாயில் சார்ட் அட்டையை வெளிப்புறமாக வளைத்து ஒட்டவும். வளைவின் ஆரம் 5 செ.மீ. அளவுக்கு இருந்தால் போதும். கூர்மையான விளிம்பாக விட்டால் காற்று அங்கேயே கிழிந்து சுழல்களாக உள்ளே வரும். வாயின் குறுக்கே ஓர் அடுக்குக் கொசுவலை கட்டினால் இன்னும் சீராகும், ஆனால் வேகம் குறையும். பழைய ஃபேனாக இருந்தால் வலை வேண்டாம். மேற்கூரையில் நகரத்துக்கு நேரே ஒரு சன்னல் வெட்டித் தெளிவான பிளாஸ்டிக் தாளை ஒட்டிக்கொண்டால் மேலிருந்து படம் எடுக்கலாம். மொத்தச் செலவு 300 ரூபாய்க்குள் முடியும்.

இன்னொன்று பாக்கி இருக்கிறது. உண்மையான காற்று தரையருகே மெதுவாகவும் உயரப் போகப் போக வேகமாகவும் வீசும். வழவழப்பான அட்டைக் குழாயில் அந்த வேறுபாடு கிடைக்காது. இதற்குப் புளியங்கொட்டை. நம்மூரில் பஞ்சமே இல்லாத பொருள். நகரத்துக்கு மேற்கே 60 செ.மீ. நீளத்துக்குத் தரையில் 4 செ.மீ. இடைவெளியில், ஒரு வரிசை விட்டு ஒரு வரிசை மாற்றி மாற்றி ஒட்டினால் 150 கொட்டை ஆகும். இதைச் செய்யாவிட்டால் குடிசைகளுக்கும் கோபுர உச்சிக்கும் ஒரே வேகத்தில் காற்று போகும். கோபுரம் கட்டியதற்கே பொருள் இல்லாமல் போய்விடும்.

குழாயெல்லாம் எதற்கு, மொட்டைமாடியில் ஆடிக் காற்றில் வைத்தாலே போதாதா என்றால், போதாது. திசை நிமிடத்துக்கு நிமிடம் மாறும், விட்டு விட்டு அடிக்கும். அம்மியே பறக்கும் என்கிற மாதத்தில் 3 மி.மீ. பலகை எந்த மூலை!

கட்டும் வரிசை

வீடுகளில் தொடங்கி மதிலில் முடிக்கச் சொல்கிறது கையேடு. தலைகீழாகச் செய்யுங்கள். முதலில் வட்டத் தட்டு, அதன் கீழுள்ள சுழல் பலகை. விளிம்பில் 16 வெட்டுகள், ஒவ்வொன்றும் 22.5 பாகை. நகரத்தை எந்தக் காற்றுக்கும் திருப்பி வைக்க இதுதான் வசதி. முதல் பதிப்பில் திசைக் காற்றுகளின் பெயர்களில் கொண்டலும் கோடையும் இடம் மாறி அச்சாகியிருக்கின்றன. கொண்டல் கிழக்கு, கோடை மேற்கு. வாடை வடக்கிலும் தென்றல் தெற்கிலும் சரியாகவே இருக்கின்றன. பேனாவால் திருத்திவிட்டு மேலே போங்கள். அடுத்து காற்றாலைத் தண்டுகள், பிறகு மதில், பிறகு கோபுரங்கள், கடைசியில் வீடுகள். வீட்டை முதலில் ஒட்டிவிட்டால் காற்றாலையின் தாங்கிக்குள் ஒழுகிய பசையைத் துடைக்க விரல் நுழையாது.

மரநாரை அழுத்திச் செய்த எம்.டி.எஃப். பலகை 3 மி.மீ. என்று எழுதியிருந்தாலும் தாளுக்குத் தாள் கொஞ்சம் வேறுபடுகிறது. செருகு வெட்டு தளர்வாக இருந்தால் பசையால் நிரப்பாதீர்கள். ஒரு துண்டுச் செய்தித்தாளை மடித்து ஆப்பாக வைத்துப் பிறகு ஒட்டுங்கள். இறுக்கமாக இருந்தால் சுத்தியல் வேண்டாம், உப்புத்தாளால் இரண்டு இழுப்பு போதும். ஐப்பசி, கார்த்திகையில் கட்டுகிறவர்கள் வெட்டு விளிம்புகள் எல்லாவற்றுக்கும் தண்ணீர் கலந்த ஃபெவிகாலை ஒரு பூச்சு பூசிவிடுங்கள். ஈரத்தை முதலில் குடிப்பது விளிம்புதான். உப்பினால் கோபுரத் தடுப்பு பொருந்தாது.

பெட்டியில் வரும் பாறைகள் ஐந்தும் தெர்மாகோல். ஸ்ப்ரே பெயின்ட் அடித்தால் உருகிக் குழியாகும், ரப்பர் பசையும் அப்படித்தான். தண்ணீரில் கரையும் பெயின்ட் மட்டும். வண்ணம் பூசுவதைப் பற்றி இதற்கு மேல் சொல்ல எதுவும் இல்லை; பூசாவிட்டாலும் காற்றுக்கு ஒன்றும் ஆகாது.

பாறைகளின் வடிவம் மட்டும் பாராட்டத்தக்கது. பாலைநிலங்களில் காற்றும் மணலும் சேர்ந்து அரித்த முகடுகள் காற்று வரும் பக்கம் மழுங்கியும் போகும் பக்கம் கூம்பியும், அகலத்தைப் போல மூன்று நான்கு மடங்கு நீளமாகவும் இருக்கும். பெட்டியில் உள்ளவை அந்தக் கணக்குக்குப் பொருந்துகின்றன. மணல் தரையையொட்டித் துள்ளித் துள்ளிப் போவதால் அரிப்பு அடியில்தான் அதிகம். அதனால் பாறையின் அடிப்பகுதியைக் குடைந்து காட்டியிருக்கிறார்கள். ஆனால் 'கிருஷ்ணகிரிக் குன்றுகளைப் போலவே காற்று செதுக்கியவை' என்று கையேடு எழுதியிருப்பது தவறு. கிருஷ்ணகிரிக் கோட்டை மலையில் தெரியும் உருண்டைப் பாறைகள் வெயிலாலும் மழையாலும், பிளவுகளில் இறங்கிய நீராலும் உரிந்து உருண்டவை. அதில் காற்றின் பங்கைத் தேடவேண்டியதில்லை.

மதில்

பெட்டியின் உயிர் இதில்தான் இருக்கிறது. மேற்கு அரைவட்டத்துக்கு இரண்டு மதில்கள் தருகிறார்கள்: ஒன்று துளையற்றது, இன்னொன்று சல்லடை போன்றது. இரண்டும் 4 செ.மீ. உயரம், பன்னிரண்டு பன்னிரண்டு துண்டுகள். அளவுகோல் 1க்கு 500 என்பதால் உண்மையில் 20 மீட்டர் உயர மதில் என்று வைத்துக்கொள்ளலாம்.

துளையற்ற மதிலை முதலில் நிறுத்துங்கள். ஒட்டவேண்டாம், செருகினாலே நிற்கும். வீட்டு வாசல்களில் நூல் துண்டு ஒட்டிப் பார்த்தால், மதிலை ஒட்டிய முதல் வரிசையில் அது அசையாது. அதைத் தாண்டியதும் நூல்கள் பித்துப் பிடித்ததுபோல் ஆடும். சில எதிர்த்திசையில் மேற்கைப் பார்த்தும் திரும்பும். மதிலின் மேல் ஏறிக் குதித்த காற்று பின்னால் சுழலாகப் புரள்வதுதான் காரணம். அடுத்து சல்லடை மதில். மதிலருகே கொஞ்சம் காற்று இருக்கும், ஆனால் அமைதி நெடுந்தூரம் நீளும். வயல் ஓரத்தில் சவுக்கு நடுகிறவர்களுக்கு இது தெரியும். நாற்பது ஐம்பது விழுக்காடு திறப்பு உள்ள தடுப்பு, தன் உயரத்தைப் போல பத்து மடங்கு தூரத்துக்கும் மேலே காற்றைத் தணிக்கும். 4 செ.மீ. மதிலுக்கு 40 செ.மீ. என்றால் நகரம் முழுவதும் அதற்குள் அடக்கம். இந்தக் கணக்கைப் போட்டுத்தான் தட்டின் விட்டத்தை 38 என்று வைத்திருக்க வேண்டும். சபாஷ்.

ஒவ்வொரு துண்டிலும் 6 மி.மீ. துளை 28, கணக்குப் போட்டால் 42 விழுக்காடு திறப்பு. கவனிக்கவேண்டியது, லேசர் வெட்டிய சின்ன வட்டச் சில்லுகள் சில துளைகளிலேயே ஒட்டிக்கொண்டிருக்கும். துண்டுக்கு எட்டு சில்லு தங்கிவிட்டாலே திறப்பு 30 விழுக்காட்டுக்கு இறங்கிவிடும், சல்லடை மதில் பாதி மூடிய மதிலாக நடந்துகொள்ளும். பென்சில் முனையால் ஒவ்வொன்றையும் குத்தித் தள்ளிவிடுங்கள். ஏழாம் துண்டில் எண் பின்பக்கம் அச்சாகியிருக்கிறது. திருப்பிச் செருகினால் வளைவு பொருந்தாது.

மூடிய மதில் காற்று முகத்தில் 36 செ.மீ. அகலம், 4 செ.மீ. உயரம், அதாவது 144 சதுர செ.மீ. அடைக்கிறது. குழாயின் வாய் 1,260. பத்தில் ஒரு பங்குக்கும் மேல். இப்படி அடைப்பு 5 விழுக்காட்டைத் தாண்டினால், மதிலுக்கு மேலே போகும் காற்று கூரைக்கும் மதிலுக்கும் இடையே நெருக்கப்பட்டு, இருக்கவேண்டியதைவிட வேகமாகத் தெரியும். இரண்டு மதில்களையும் ஒப்பிட இது போதும். அளவு எடுத்துக் கட்டுரை எழுதப் போகிற மாணவர்கள் குழாயை உயரமாகச் செய்யுங்கள்.

காற்றாலையும் கோபுரமும்

ஆறு காற்றாலைகள். ஈரானின் நஷ்திஃபான் ஊரில் இன்றும் நிற்கும் செங்குத்துத் தண்டு காற்றாலைகளைப் பார்த்துச் செய்தவை. தட்டையான பலகைகள் செங்குத்தாக நின்றபடி தண்டைச் சுற்றி வரும், ஒரு பாதியைச் சுவர் மறைத்திருக்கும். அந்தச் சுவர் அலங்காரம் இல்லை. சுவர் இல்லாவிட்டால் இருபுறமும் காற்று ஒரே அளவில் தள்ளும், பலகை அசையாமல் நிற்கும். இடது சுவரையும் வலது சுவரையும் மாற்றி ஒட்டினால் எதிர்ப்பக்கம் சுற்றும். ஆறில் மூன்று வலஞ்சுழி, மூன்று இடஞ்சுழி என்று கையேட்டுப் படத்தில் மிகச் சிறியதாகக் குறித்திருக்கிறார்கள். ஒட்டுமுன் பார்த்துவிடுங்கள்.

தண்டு 1.5 மி.மீ. கம்பி. அதைத் தாங்கக் கூடவே தரும் பிளாஸ்டிக் வளையம் (புஷ்) இறுக்கம். சுற்றாததற்கு இரண்டாவது காரணம் இதுதான். அதைத் தூக்கிப்போட்டுவிட்டு, மை தீர்ந்த தடித்த ரீஃபில் குழாயை நன்றாகக் கழுவி 5 மி.மீ. துண்டுகளாக நறுக்கிப் பயன்படுத்துங்கள். தண்டின் கீழ்முனையை உப்புத்தாளில் கூராக்கி ஒரு கண்ணாடி மணியின் குழியில் நிறுத்தினால் உராய்வு மிகக் குறையும். எண்ணெய் விடாதீர்கள், பின்னால் வரும் சோதனையில் தூவும் தவிட்டின் தூசி ஒட்டிப் பிசுக்காகும். குறைந்த வேகத்தில் சுற்றவில்லையே என்று சோர்வடையவும் வேண்டாம். காற்றின் வேகம் இரண்டு மடங்கானால் தள்ளும் விசை நான்கு மடங்கு, கிடைக்கும் திறன் எட்டு மடங்கு. ஃபேன் ஒரு படி ஏறியதும் சட்டென்று உயிர் வருவது இதனால்தான்.

காற்றுக் கோபுரங்கள் ஒன்பது, ஒவ்வொன்றும் 6 செ.மீ. அதாவது 30 மீட்டர். கற்பனைதானே என்று உயர்த்திவிட்டதாக நினைக்கவேண்டாம். ஈரானில் யஸ்த் நகரின் தவ்லதாபாத் தோட்டத்துக் கோபுரம் 33 மீட்டருக்கு மேல். ஒன்பதில் நான்கு யஸ்த் பாணி, நான்கு பக்கமும் வாய், உள்ளே குறுக்குத் தடுப்பு. ஐந்து, பாகிஸ்தானின் சிந்து மாகாணத்து ஹைதராபாத் பாணி, ஒற்றை வாய். அங்கே வீட்டுக்கு வீடு கூரை மேல் நின்ற காற்றுப்பிடிகள் எல்லாம் தென்மேற்கையே பார்த்திருந்தன. காற்று வரும் திசை அது ஒன்றுதான். கையேடு இரண்டையும் எங்கு வேண்டுமானாலும் மாற்றி வைக்கலாம் என்கிறது. கூடாது. மேற்குக் காற்றில் ஒற்றை வாய்க் கோபுரம் காற்றை வீட்டுக்குள் இறக்கும். நகரத்தை அரைவட்டம் திருப்பிக் கொண்டலுக்கு வைத்தால் அதே வாய் காற்றுக்கு முதுகு காட்டும். அப்போது வாயில் உறிஞ்சல் உண்டாகி வீட்டுக்குள் இருக்கும் காற்று மேலே போகும். சமையற்கட்டுக்கு அது நல்லது, படுக்கையறைக்கு ஆகாது. ஆகவே ஒற்றை வாய்க் கோபுரங்களை மேற்கு வரிசை வீடுகளுக்கும், நான்கு வாய்க் கோபுரங்களைச் சந்தைக்கும் பள்ளிக்கும் கொடுங்கள்.

தடுப்பின் ஓரங்களில் மயிரிழை இடைவெளி இருந்தாலும் ஒரு வாயில் நுழைந்த காற்று அடுத்த வாய் வழியே உடனே வெளியேறிவிடும், கீழே இறங்காது. நான்கு மூலையிலும் பசையைக் குச்சியால் இழுத்து அடைக்கவும். ஊதுபத்திப் புகையால் சோதிக்கச் சொல்கிறார்கள். புகை சூட்டால் தானாகவே மேலே போகும் என்பதால் முடிவு குழப்பும். போதாக்குறைக்கு அட்டைக் குழாய்க்குள் நெருப்பு. நூல் போதும். தையல் நூல் இந்த வேலைக்குத் தடிமன். தருமபுரிப் பக்கம் பட்டு நூற்பவர்கள் யாரையாவது தெரிந்தால் ஒரு முழம் கச்சாப் பட்டிழை வாங்கிக்கொள்ளுங்கள். 2.5 செ.மீ. துண்டை வாசல் நிலையில் ஒட்டினால், மூச்சுக்காற்றுக்கே அசையும்.

தவிட்டுச் சோதனை

பெட்டியின் சிறந்த பகுதி. உண்மையான நகரங்களில் நடப்பவர்களுக்குக் காற்று எங்கே தொல்லை தரும் என்று ஆய்வுக்கூடத்தில் பார்க்கும் முறையே இது. தெருக்களில் மெல்லிய துகளைச் சமமாகத் தூவி, வேகத்தைப் படிப்படியாகக் கூட்டினால், முதலில் எந்த இடம் வெறுமையாகிறதோ அங்கேதான் காற்று கடுமை.

கையேடு 250 கிராம் ரவை போடச் சொல்கிறது. அது 3 மி.மீ. கனத்துக்கு வரும், ரவையே மேடு கட்டி அதன் போக்குக்கு அலைகளை உண்டாக்கும். 1 மி.மீ. கனம் போதும். கட்டடங்கள் பிடித்த இடம் போக 60 கிராம் சரியாக இருக்கும். தட்டுக்குக் கறுப்புத் தாள் ஒட்டி, டீ வடிகட்டியால் தூவுங்கள். ரவையை முன்கூட்டியே எண்ணெய் இல்லாமல் வறுத்து ஆறவைத்தால் ஈரக்கட்டி இருக்காது. உங்கள் ஃபேன் மூன்றாம் வேகத்திலும் ரவையை அசைக்காவிட்டால் சலித்த கோதுமைத் தவிடு போடுங்கள். எடை குறைவு, முதல் வேகத்திலேயே வேலை செய்யும். ராகி கையருகில் இருக்கிறதே என்று போடாதீர்கள். உருண்டையான கனத்த மணி, ஒரே உருட்டாக ஓடிப் பள்ளத்தில் சேரும். கோலப்பொடி வேறு வகையில் தொல்லை: மிக நுண்ணியதாக இருப்பதால் தரையைப் பற்றிக்கொள்ளும், பறந்தால் மூச்சுக்கு ஆகாது. ஒவ்வொரு வேகத்திலும் ஒரு நிமிடம் ஓடவிட்டு மேலிருந்து படம் எடுத்து, அடுத்த வேகத்துக்குப் போகவும்.

முதலில் வெறுமையாவது எது தெரியுமா? நடுச் சதுக்கத்தில் நிற்கும் நாழிகைக் கோபுரத்தின் அடி. 11 செ.மீ. உயரத்தில் மேற்கு நோக்கிய அகன்ற தட்டைச் சுவர். உயரத்தில் வரும் வேகமான காற்று அதில் மோதி, சுவரோடு கீழே இறங்கி, அடியில் இரண்டு மூலைகளையும் சுற்றிப் பாய்கிறது. கையேடு அங்கே பூக்காரிகளை உட்கார வைத்திருக்கிறது! மிச்சமிருக்கும் பலகையில் 1 சென்டிமீட்டர் நீட்டமுள்ள ஒரு தாழ்வாரத்தை 2 செ.மீ. உயரத்தில் சுற்றிலும் ஒட்டினால் இறங்கும் காற்று அங்கேயே திசைமாறும். மறுபடி தூவிப் பார்த்தால் வேறுபாடு படத்தில் தெளிவாகத் தெரியும். இந்த ஒரு மாற்றத்தைச் செய்து பார்ப்பதற்காகவே பெட்டியை வாங்கலாம்.

குறுக்குத் தெருக்கள் நன்றாக வந்திருக்கின்றன. வீடு 16 மி.மீ. உயரம், தெரு 20 மி.மீ. அகலம். தெருவின் அகலம் வீட்டு உயரத்தைப் போல ஒன்றரை மடங்குக்குள் இருந்தால் காற்று கூரைகளின் மேலேயே வழுக்கிப் போகும், தெருவுக்குள் முழுதாக இறங்காது. 40 மி.மீ. அகலச் சந்தைத் தெருவில் இறங்கிவிடுகிறது. வட்டக் கவிகை மாடம் கொண்ட கோயில் ஒன்றை மட்டும் நம்பாதீர்கள். கூர்மையான மூலை உள்ள கட்டடத்தில் காற்று பிரியும் இடம் சிறிய மாதிரியிலும் பெரிதாக மாறாது. வளைந்த பரப்பில் அளவும் வேகமும் மாறினால் பிரியும் இடமும் மாறும். மேசை மேல் தெரிவது உண்மை அளவில் நடப்பது ஆகாது.

கையேட்டின் பெரிய ஓட்டை ஒன்றையும் இந்தச் சோதனைதான் காட்டிக்கொடுக்கிறது. மதிலுக்கு வெளியே ஒரு பட்டையாக ரவையைத் தூவி ஓடவிடுங்கள். சல்லடை மதிலின் துளைகள் வழியே உள்ளே வந்து, வேகம் தணிந்த இடத்தில், அதாவது மதிலுக்குச் சற்று உள்ளே, குவியும். மணல் வேலிகள் எங்கும் இப்படித்தான் செய்கின்றன. அந்த இடத்தில்தான் நகரத்தின் தானியக் களஞ்சியம் இருக்கிறது. வளிமதிலில் ஒரு பருவம் முடிவதற்குள் களஞ்சியத்தின் கதவு புதைந்துவிடும். விளையாட்டாக ஆடுகிறவர்கள் இதையே கதையாக்கிக்கொள்ளலாம்: மணல் அள்ளும் குலத்தார், அவர்கள் வேலைநிறுத்தம், களஞ்சியக் கதவு. கையேட்டில் இருக்கும் அரண்மனைச் சதியைவிட நன்றாகவே இருக்கும்.

பட்டப் படகும் சரியில்லை. மலையிடுக்கைக் கடக்க 6 சதுர மீட்டர் பட்டம் ஒன்று நாலு பேரை மூன்றாம் கொடியிலேயே தூக்கிச் செல்வதாக எழுதியிருக்கிறார்கள். ஊரின் ஏழு கொடிகளில் மூன்றாவது, தூசியும் காகிதமும் கிளம்பும் காற்று. காற்றின் வேகத்தை எண்ணால் குறிக்கும் பியூஃபோர்ட் அளவில் அது நாலு. மணிக்கு 20 முதல் 28 கிலோமீட்டர். 25 என்று வைத்துக்கொண்டால் 6 சதுர மீட்டர் பரப்பில் காற்று தள்ளும் விசை சுமார் 18 கிலோ எடைக்கு ஈடு. ஓர் ஆட்டுக்குட்டியைத் தூக்கலாம். மணிக்கு 50 கிலோமீட்டர் காற்றும் 10 சதுர மீட்டர் பட்டமும் இருந்தால் 118 கிலோ அளவுக்கு வரும், அதிலும் முழுவதும் மேல்நோக்கிய விசை ஆகாது. ஆகவே ஐந்தாம் கொடிக்கு மேல், பெரிய பட்டம், ஓர் ஆள் என்று விதியை மாற்றிக்கொண்டு ஆடுங்கள். ஆபத்தும் கூடும், ஆட்டமும் சூடுபிடிக்கும்.

வயது 12க்கு மேல் என்று பெட்டியில் போட்டிருக்கிறது. கட்டுவதற்குச் சரி, குழாயும் சட்டமும் செய்யப் பெரியவர் ஒருவர் கூட இருக்கவேண்டும். உடைந்த துண்டுக்கு மாற்று கேட்டால் தருகிறார்கள், ஆனால் துண்டின் எண்ணோடு அதை வெட்டிய பலகைத் தாளின் எண்ணையும் சேர்த்து எழுதவேண்டும். துண்டு எண் மட்டும் எழுதினால் வேறு தாளில் அதே எண் உள்ள துண்டு வந்து சேர வாய்ப்புண்டு. காற்றாலைப் பலகைகள்தான் முதலில் உடையும், ஆரம்பத்திலேயே ஒரு தொகுதி கூடுதலாகக் கேட்டு வைத்துக்கொள்ளலாம். சோதனை முடிந்ததும் தவிட்டையும் ரவையையும் பெயின்ட் பிரஷ்ஷால் கூட்டி எடுத்துவிடுங்கள். ஓர் இரவு விட்டால் வளிமதிலில் எறும்புகள் குடியேறிவிடும்.